ஒளிப்பதிவு என்றால் அழகாகப் படம் பிடிப்பதா? வால்டர் கர்வாலியோவின் படங்களை வைத்து ஓர் எளிய விளக்கம்

எந்தப் பட விமர்சனத்தை எடுத்தாலும் கடைசிப் பத்தியில் ஒளிப்பதிவுக்கென்று ஒரு வரி ஒதுக்கியிருப்பார்கள். 'கண்ணுக்குக் குளுமை', 'ஒவ்வொரு ஃப்ரேமும் ஓவியம்', இல்லையென்றால் 'படம் முழுக்க ஒரே இருட்டு'. மலை, கடல், பனி, சூரிய அஸ்தமனம் வந்தால் பாராட்டு கிடைக்கும். நாலு சுவருக்குள்ளே நடக்கிற கதை என்றால் ஒளிப்பதிவாளர் பெயரைக்கூடச் சொல்ல மாட்டார்கள். இப்படிப் பேசிப் பேசியே, அழகான இடத்தை அழகாகக் காட்டுவதுதான் அவருடைய வேலை என்கிற எண்ணம் ஊறிப்போய்விட்டது. அது அடிப்படையிலேயே தப்பு. கேமரா எல்லாவற்றையும் ஒரே நேரத்தில் காட்டவே முடியாது, எதையாவது இழந்துதான் ஆக வேண்டும். எதை இழப்பது என்று முடிவெடுப்பவர்தான் ஒளிப்பதிவாளர்.

இதைப் பொதுவாகச் சொன்னால் காற்றோடு போய்விடும், ஒருவருடைய படங்களை வைத்துச் சொன்னால் பிடிபடும். அதனால் பிரேசில் ஒளிப்பதிவாளர் வால்டர் கர்வாலியோவை எடுத்துக்கொள்கிறேன். கறுப்பு வெள்ளை, வண்ணம், ஆவணப்படம், சிறைச்சாலைக் கதை, தொலைக்காட்சித் தொடர் என்று எல்லாப் பக்கமும் வேலை செய்தவர். அவருடைய இரண்டு படங்களை அடுத்தடுத்துப் போட்டுப் பார்த்தால் ஒரே ஆள் எடுத்தது என்று நம்புவது கஷ்டம். அதனாலேயே இந்த விளக்கத்துக்கு அவர் சரியான ஆள்.

## முதலில், யார் என்ன வேலை செய்கிறார்கள்

படப்பிடிப்பில் கேமராவைத் தோளில் வைத்திருப்பவர்தான் ஒளிப்பதிவாளர் என்று நினைப்பவர்கள் நிறைய. சில நேரம் அவரே இயக்குவார், சில நேரம் வேறொருவர் இயக்குவார். அது முக்கியமில்லை. ஒரு காட்சி எதைப் பற்றியது, யார் மனநிலையில் இருந்து பார்க்கிறோம் என்பதை இயக்குநர் சொல்வார். வெளிச்சம் எந்தப் பக்கமிருந்து வர வேண்டும், எந்த லென்ஸ், கேமரா நிற்கிறதா நகர்கிறதா என்று அதைப் படமாக மாற்றும் பொறுப்பு ஒளிப்பதிவாளருடையது. கேமரா குழு, விளக்குக் குழு இரண்டும் அவருக்குக் கீழே. படப்பிடிப்பு முடிந்தபிறகும் வேலை பாக்கி இருக்கும்: ஷாட்டுக்கு ஷாட் வண்ணத்தையும் வெளிச்சத்தையும் சரிசெய்கிற கிரேடிங் வேலையிலும் அவர் உட்கார்ந்திருப்பார்.

## ஜன்னலா, முகமா

பகல் நேரத்தில் ஜன்னல் ஓரமாக ஒருவரை நிற்க வைத்து, வீட்டுக்குள்ளிருந்து ஃபோனில் படம் எடுத்துப் பாருங்கள். வெளியே மரம், தெரு எல்லாம் நன்றாகத் தெரியும், முகம் கரி பூசினாற்போல் இருக்கும். திரையில் முகத்தைத் தொட்டால் முகம் தெளிந்துவிடும், ஆனால் ஜன்னல் வெள்ளைத் தாளாகிவிடும். நம் கண்ணுக்கு இரண்டும் தெரிகிறது, கேமராவுக்கு ஏன் தெரியவில்லை?

கண் ஒரே நொடியில் மாறி மாறிச் சரிசெய்துகொள்கிறது. ஃபிலிமுக்கும், டிஜிட்டல் கேமராவுக்குள்ளே வெளிச்சத்தைப் பதிவு செய்கிற சென்சாருக்கும் அந்த வசதி இல்லை. மிக இருட்டுக்கும் மிக வெளிச்சத்துக்கும் நடுவே அவை தாங்குகிற தூரம் கொஞ்சம்தான், அதற்கு வெளியே போனது எல்லாம் கரியாகவோ வெள்ளையாகவோ போய்விடும். எவ்வளவு வெளிச்சத்தை உள்ளே விடுகிறோம் என்கிற அளவுக்குப் பெயர் எக்ஸ்போஷர். அதைக் கட்டுப்படுத்தும் வழிகளில் ஒன்று, லென்ஸுக்குள்ளே பெரிதாக்கவும் சிறிதாக்கவும் முடிகிற துளை. அதை அப்பெர்ச்சர் என்பார்கள். விளக்கு போட்டு முகத்தை வெளிச்சமாக்கினால் இடைவெளி குறையும். ஆனால் கடைசியில் முகத்துக்கா, ஜன்னலுக்கா என்று ஒருவர் முடிவெடுத்தே ஆக வேண்டும்.

பிரேசில் சினிமாவில் இந்த முடிவு ஒரு வரலாற்றையே மாற்றியிருக்கிறது. அந்த நாட்டின் வடகிழக்கில் செர்தாவ் என்கிற வறண்ட பிரதேசம் இருக்கிறது. முள்ளும் கள்ளியும் வெடித்த மண்ணும், ஆண்டுக்கணக்கில் பொய்க்கிற மழையும். கிராசிலியானோ ராமோஸ் 1938-இல் எழுதிய நாவலை வைத்து, பஞ்சம் பிழைக்க நடந்தே போகும் ஒரு குடும்பத்தின் கதையை நெல்சன் பெரேரா தோஸ் சாந்தோஸ் 1963-இல் 'விதாஸ் செக்காஸ்' என்று படமாக எடுத்தார். ஒளிப்பதிவு செய்தவர்கள் லூயிஸ் கார்லோஸ் பாரெத்தோவும் ஜோஸே ரோசாவும். பாரெத்தோ 'ஓ குருசைரோ' பத்திரிகையின் புகைப்படக்காரராக இருந்தவர்.

கறுப்பு வெள்ளைப் படங்களில் அப்போது ஒரு பழக்கம் இருந்தது: லென்ஸுக்கு முன்னால் வண்ணக் கண்ணாடி போட்டு வானத்தைக் கொஞ்சம் இருட்டாக்குவார்கள், அப்போதுதான் மேகம் எடுப்பாகத் தெரியும். முகத்தில் விழும் நிழலை விளக்கோ பிரதிபலிப்புப் பலகையோ வைத்து மெழுகிவிடுவார்கள். பாரெத்தோ அந்தக் கண்ணாடியைக் கழற்றிவிட்டார். எக்ஸ்போஷரை நிழலில் இருக்கும் முகத்துக்கு வைத்தார், வானம் வெந்து வெள்ளையாகப் போகட்டும் என்று விட்டுவிட்டார். படத்தில் மேகம் இல்லை, வானமே இல்லை என்றுகூடச் சொல்லலாம், தலைக்கு மேலே ஒரு வெள்ளை எரிச்சல் மட்டும்தான் இருக்கிறது. வெயிலைப் பற்றி யாரும் வசனம் பேசத் தேவையில்லாமல் போனது. பிரேசில் வெளிச்சத்தைப் பிரேசில்காரர்களே கண்டெடுத்த படம் என்று அதை இன்றும் சொல்கிறார்கள், எனக்கும் அதில் சந்தேகமில்லை.

சரி, இதுவரை சொன்னது இவ்வளவுதான்: கேமரா எல்லா வெளிச்சத்தையும் தாங்காது, யாராவது எதையாவது இழக்க முடிவெடுக்க வேண்டும், அந்த முடிவிலேயே கதை சொல்ல முடியும்.

## ஜோவாவ் பெசோவாவிலிருந்து

கர்வாலியோ 1947-இல் அதே வடகிழக்கில், பராயிபா மாநிலத்தின் தலைநகரான ஜோவாவ் பெசோவாவில் பிறந்தவர். அண்ணன் விளாதிமிர் கர்வாலியோ பிரேசிலின் பெரிய ஆவணப்பட இயக்குநர்களில் ஒருவர். தம்பி ரியோ டி ஜெனிரோவில் வடிவமைப்பு படித்தார், அண்ணனின் படங்களில் வேலை பழகினார், மூத்த ஒளிப்பதிவாளர்களிடம் உதவியாளராக இருந்தார். ராணுவ ஆட்சிக் காலம் அது.

1990-இல் பிரேசில் சினிமாவே நின்றுபோனது. அதிபர் கொல்லோர் பதவியேற்றதும் மக்களின் வங்கிச் சேமிப்பை முடக்கினார், படங்களுக்கு நிதி கொடுத்த எம்ப்ராஃபில்மி என்கிற அரசு நிறுவனத்தையும் மூடினார். முழுநீளப் படங்கள் கிட்டத்தட்ட வராமலே போயின. 1993-இல் வந்த புதிய சினிமாச் சட்டத்துக்குப் பிறகுதான் மூச்சு திரும்பியது. அந்த மறுவருகையின் முதல் படங்களில் ஒன்று வால்டர் சாலஸும் தானியேலா தாமஸும் 1995-இல் இயக்கிய 'தெர்ரா எஸ்த்ராஞ்சேய்ரா'. சேமிப்பு முடக்கப்பட்ட செய்தியைத் தொலைக்காட்சியில் கேட்டு ஒரு தாய் இறந்துபோகிறாள், மகன் போர்ச்சுகலுக்குப் போகிறான். கர்வாலியோ அதைக் கறுப்பு வெள்ளையில் எடுத்தார். கடற்கரையில் தரைதட்டி நிற்கும் ஒரு பெரிய கப்பலின் முன்னால் இரண்டு சின்ன உருவங்கள் இருக்கிற காட்சி, படம் பார்க்காதவர்களுக்குக்கூடத் தெரிந்த காட்சியாகிவிட்டது.

## பின்னால் இருப்பதை அழிப்பது

அப்புறம் வந்தது 'சென்ட்ரல் ஸ்டேஷன்'. 1998, இயக்கம் மறுபடியும் சாலஸ். அந்த ஆண்டு பெர்லின் விழாவில் தங்கக் கரடி வாங்கிய படம், நாயகி ஃபெர்நாந்தா மொந்தேநேக்ரோவுக்குச் சிறந்த நடிகை விருது. இதில் ஒளிப்பதிவைப் புரிந்துகொள்ள இரண்டாவது கருவி வேண்டும்.

ஒரு லென்ஸ் ஒரு தூரத்தில் இருப்பதைத்தான் மிகக் கூர்மையாகக் காட்டும். அந்தத் தூரத்துக்கு முன்னும் பின்னும் ஓரளவு தூரம் வரைக்கும் கூர்மை நம் கண்ணுக்குப் போதுமானதாக இருக்கும், அதைத் தாண்டினால் மங்கிவிடும். கூர்மையாகத் தெரிகிற இந்தப் பட்டையைத்தான் குவிய ஆழம் என்கிறோம். பட்டையை மெல்லியதாக்க மூன்று வழி: அப்பெர்ச்சரைப் பெரிதாகத் திறப்பது, தூரத்தை இழுத்துக் காட்டும் டெலி லென்ஸைப் போடுவது, ஆளுக்குக் கிட்டே போவது. எதிர்ப்பக்கம் போக வேண்டுமென்றால் துளையைச் சிறிதாக்கி, அகலமாகக் காட்டும் வைட் லென்ஸ் போட வேண்டும்.

இங்கே ஒரு முடிச்சைக் கவனியுங்கள். துளையைத் திறந்தால் வெளிச்சமும் கூடுகிறது, குவிய ஆழம் குறைகிறது. ஆக, எக்ஸ்போஷரும் ஃபோகஸும் ஒரே துளையில் கட்டப்பட்டிருக்கின்றன. இருட்டான இடத்தில் முன்னால் இருப்பவரும் பின்னால் இருப்பவரும் ஒருசேரத் தெளிவாகத் தெரிய வேண்டுமென்றால் துளையைச் சுருக்க வேண்டும், சுருக்கினால் வெளிச்சம் போதாது, அதற்கு விளக்குகள் வேண்டும். 'அவ்வளவு லைட்டை வைத்துக்கொண்டு என்ன செய்கிறார்கள்' என்று கேட்பவர்களுக்கு இதுவும் ஒரு பதில்.

இப்போது படத்துக்கு வருவோம். தோரா, ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியை. ரியோவின் பெரிய ரயில் நிலையத்தில் மேசை போட்டு உட்கார்ந்து, எழுதத் தெரியாதவர்களுக்குக் கடிதம் எழுதிக் கொடுக்கிறாள். காசு வாங்கிக்கொண்டு பல கடிதங்களைத் தபாலில் சேர்ப்பதே இல்லை. எதிரே உட்கார்ந்திருப்பவர்கள் அவளுக்கு மனிதர்களே இல்லை.

இதை வசனத்தில் சொல்லிவிடலாம். கர்வாலியோவும் சாலஸும் லென்ஸில் சொன்னார்கள். நிலையக் காட்சிகளில் டெலி லென்ஸ், மெல்லிய குவிய ஆழம். தோராவின் முகம் கூர்மையாக இருக்கிறது, அவளுக்குப் பின்னால் ஆயிரக்கணக்கில் போய்க்கொண்டிருக்கும் கூட்டம் வெறும் நிறக் கறைகளாக அசைகிறது. நிறங்களும் ஒடுங்கியே இருக்கின்றன, பழுப்பும் சாம்பலும். அவளுக்கு யாரும் கண்ணில் படுவதில்லை, அதனால் நமக்கும் படுவதில்லை. தாயை விபத்தில் இழந்த ஜோசுவே என்கிற பையனோடு, அவனுடைய அப்பாவைத் தேடி அவள் வடகிழக்குக்குப் பேருந்திலும் லாரியிலும் போகப் போக, படம் கொஞ்சம் கொஞ்சமாகத் திறக்கிறது. லென்ஸ் அகலமாகிறது, பின்னணி தெளிகிறது, சாலை அடிவானம் வரை தெரிகிறது, நிறம் ஏறுகிறது. இது முன்கூட்டியே திட்டமிட்டதுதான் என்று சாலஸ் பேட்டிகளில் சொல்லியிருக்கிறார்.

இதைக் கவனிக்காமல் 'கிராமத்துக் காட்சிகள் அழகு, ரயில் நிலையம் கொஞ்சம் டல்' என்று சொல்லிவிட்டுப் போனால் எனக்கு மனசு ஆறாது. அந்த டல்தான் வேலை. முதல் பாதியில் அவர் இழக்காமல் இருந்திருந்தால் பின்பாதியில் கொடுப்பதற்கு ஒன்றும் இருந்திருக்காது.

ஃபோகஸ் மேல் கர்வாலியோவுக்கு இருந்த ஆர்வத்துக்கு இன்னொரு சாட்சி, ஜோவாவ் ஜார்திமுடன் சேர்ந்து 2001-இல் அவரே இயக்கிய 'ஜனேலா தா அல்மா' என்ற ஆவணப்படம். பார்வைக் குறைபாட்டைப் பற்றியது. எழுத்தாளர் ஜோஸே சரமாகோ, இயக்குநர் விம் வெண்டர்ஸ், நரம்பியல் மருத்துவர் ஆலிவர் சாக்ஸ் எல்லாரும் அதில் பேசுகிறார்கள், பார்வையற்ற ஒரு புகைப்படக் கலைஞரும்கூட.

சுருக்கமாக: குவிய ஆழம் என்பது யாரைப் பார்க்க வேண்டும், யாரைப் பார்க்கக் கூடாது என்கிற தேர்வு. அது வெளிச்சத்தோடு பின்னிக் கிடக்கிறது.

## வெளிச்சம் எங்கிருந்து வருகிறது

கர்வாலியோ ஒளிப்பதிவில் 2001-இல் வந்த 'அப்ரில் தெஸ்பெதாசாதோ' 1910-ஆம் ஆண்டு செர்தாவில் நடக்கிறது. இரண்டு குடும்பங்கள் பரம்பரையாகப் பழி தீர்த்துக்கொள்கின்றன. கொல்லப்பட்டவனின் ரத்தச் சட்டையை வெளியே கொடியில் காயப் போடுவார்கள், ரத்தக் கறை மஞ்சளாக மாறும்போது பழிவாங்கும் முறை அடுத்தவனுக்கு வருகிறது. அந்த மஞ்சளைப் பார்வையாளர் சரியாகப் பார்த்தாக வேண்டும், கதையின் கடிகாரமே அதுதான்.

மின்சாரமில்லாத வீடு. ராத்திரியில் விளக்கைத் தவிர வெளிச்சம் வர வழியே இல்லை. இப்படி, திரையில் இருக்கும் ஒரு பொருளிலிருந்தே வெளிச்சம் வருவதாகக் காட்டுவதைக் காரண ஒளி என்று வைத்துக்கொள்ளலாம். பொதுவாகத் திரையில் எரியும் விளக்கு மட்டும் ஃபிலிமுக்குப் போதாது, அதனால் ஃப்ரேமுக்கு வெளியே, அதே திசையில், அதே நிறத்தில் இன்னொரு விளக்கை மறைத்து வைப்பார்கள். திசை கொஞ்சம் பிசகினாலும் பார்ப்பவருக்கு ஏதோ பொய்யாகப் படும், ஏன் என்று சொல்லத் தெரியாது. நன்றாகச் செய்தால் யாரும் கவனிக்கவே மாட்டார்கள், அதனாலேயே யாரும் பாராட்டவும் மாட்டார்கள்.

## கறுத்த தோலும் ஃபிலிமும்

எனக்கு மிகப் பிடித்த பகுதிக்கு வருகிறேன். கரீம் ஐனூஸ் 2002-இல் இயக்கிய 'மதாம் சதான்', 1930-களில் ரியோவின் லாப்பா பகுதியில் வாழ்ந்த ஜோவாவ் ஃபிரான்சிஸ்கோ தோஸ் சாந்தோஸ் என்கிற கறுப்பின மேடைக் கலைஞரைப் பற்றிய படம். நாயகனாக லாசரோ ராமோஸ்.

வண்ண ஃபிலிம் எல்லாத் தோலையும் சமமாகப் பார்க்கவில்லை என்பது பலருக்குத் தெரியாது. பல பத்தாண்டுகளாக லேப்களில் நிறத்தைச் சரிபார்க்கக் கோடாக் அனுப்பிய மாதிரி அட்டையில் இருந்தது வெள்ளைக்காரப் பெண்ணின் படம், அதற்கு ஷெர்லி அட்டை என்றே பெயர் வந்துவிட்டது. அவள் தோல் சரியாக வந்தால் நிறம் சரி. கறுத்த முகம் விவரமில்லாத இருட்டாகப் போனால் அது யாருக்கும் தப்பாகப் படவில்லை.

பலர் உடனே சொல்லும் தீர்வு, 'கூட ரெண்டு லைட் போடுங்கள்'. அப்படி முன்னாலிருந்து கொட்டினால் முகம் தட்டையாகவும் சாம்பல் பூத்தும் போகும். கறுத்த தோல் வெளிச்சத்தைக் குறைவாகத் திருப்பி அனுப்பும், ஆனால் அதன் மேல் படும் பளபளப்பு மிக அழகாகத் தெரியும். எனவே பக்கவாட்டிலிருந்து, அகலமான ஒளிமூலம் ஒன்றைத் தோலின் மேல் பிரதிபலிக்கவிட வேண்டும். கன்னத்து எலும்பு, நெற்றி வியர்வை, கழுத்து நரம்பு எல்லாம் அந்தப் பளபளப்பில் உருவம் பெறும். 'மதாம் சதான்' படத்தின் முதல் ஷாட்டைப் பாருங்கள்: அடிவாங்கி வீங்கிய முகம் நேராக நம்மைப் பார்க்கிறது, பின்னால் ஒரு குரல் போலீஸ் அறிக்கையை வாசிக்கிறது. அந்த அறிக்கை அவரை ஒரு குற்றவாளியாக மட்டும் விவரித்துக்கொண்டே போகிறது, தோலின் ஒவ்வொரு விவரத்தோடும் அந்த முகம் மறுத்துக்கொண்டே இருக்கிறது. அதன் பிறகு படம் பெரும்பாலும் இருட்டான அறைகளில், தோலுக்கு மிகக் கிட்டே நடக்கிறது. அறையை இழந்தார் கர்வாலியோ, ஆளை இழக்கவில்லை. 'ஒரே இருட்டு' என்று ஒரு வரியில் தள்ளிவிடக் கூடாத இருட்டு இது.

அடுத்த ஆண்டு ஹெக்தோர் பாபெங்கோ இயக்கிய 'கராந்திரு' வந்தது. 1992-இல் போலீசார் 111 கைதிகளைக் கொன்ற சாவ் பாவ்லோ சிறையின் கதை. 2002 டிசம்பரில் அந்தச் சிறையின் கட்டடங்களை வெடிவைத்துத் தகர்த்தார்கள், அதற்கு முன்பே படத்தின் ஒரு பகுதியை உண்மையான சிறைக்குள்ளேயே எடுத்து முடித்திருந்தார்கள்.

## எவ்வளவு தூரத்தில் நிற்பது

கடைசிக் கருவி ஃப்ரேம், அதாவது படத்தின் நாலு ஓரங்கள். எதை உள்ளே வைப்பது, எவ்வளவு தூரத்திலிருந்து. இதற்கு விளக்கமே தேவையில்லை என்று தோன்றும், ஆனால் 'சாந்தியாகோ' பார்த்தவர்கள் அப்படிச் சொல்ல மாட்டார்கள்.

வால்டர் சாலஸின் தம்பி ஜோவாவ் மொரேய்ரா சாலஸ், தங்கள் பணக்கார வீட்டில் பல ஆண்டுகள் தலைமைப் பணியாளராக இருந்த சாந்தியாகோ என்ற முதியவரைப் பற்றி 1992-இல் படம் எடுக்க ஆரம்பித்தார். கேமராவில் கர்வாலியோ. கறுப்பு வெள்ளை, அசையாத கேமரா, அச்சில் வார்த்த மாதிரி ஃப்ரேம்கள். சாந்தியாகோ சமையலறையிலோ அறை மூலையிலோ உட்கார்ந்து பேசுகிறார், முன்னால் பாத்திரமோ கதவு விளிம்போ குறுக்கிடுகிறது. படத்தை முடிக்காமல் போட்டுவிட்டார்கள். சாந்தியாகோவும் இறந்துபோனார். பல ஆண்டுகள் கழித்து அந்தச் சுருள்களை எடுத்துப் பார்த்து, 2007-இல் முடித்தபோதுதான் இயக்குநர் ஒன்றைக் கவனித்துச் சொல்கிறார்: அந்த முகத்துக்குக் கிட்டே கேமரா போகவே இல்லை, க்ளோஸ்-அப் ஒன்றுகூட இல்லை. எடுத்த நாட்களில் தான் முதலாளி மகனாகவும் அவர் வேலைக்காரராகவும்தான் இருந்தோம், அந்தத் தூரம்தான் ஃப்ரேமில் பதிந்திருக்கிறது என்கிறார். நீச்சல்குளத்தில் இலை விழும் அழகான ஷாட்டையும் திரும்பத் திரும்பக் காட்டி, இலை தானாக விழுந்ததா, யாராவது போட்டார்களா என்று சந்தேகப்படுகிறார்.

அந்தத் தூரம் இயக்குநர் முடிவா, ஒளிப்பதிவாளர் முடிவா என்று பிரித்துச் சொல்ல முடியாது, சொல்லவும் கூடாது. ஆனால் ஃப்ரேம்கள் மிக அழகானவை, அந்த அழகே ஒரு மனிதரை எட்டத்தில் வைத்தது. அழகுதான் ஒளிப்பதிவு என்று நினைப்பவர்கள் கட்டாயம் பார்க்க வேண்டிய படம் இது.

இதே இயக்குநரும் இதே ஒளிப்பதிவாளரும் 2002 அதிபர் தேர்தலில் வேட்பாளர் லூலாவின் பிரச்சாரத்தைப் பின்தொடர்ந்து 'என்ட்ரியாத்தோஸ்' எடுத்தபோது எல்லாம் தலைகீழ். ஹோட்டல் அறை, கார், விமானம் என்று நெருக்கமான இடங்கள். விளக்கு வைக்க முடியாது, 'இன்னொரு தடவை சொல்லுங்கள்' என்று கேட்க முடியாது. சின்ன டிஜிட்டல் கேமராவைக் கையில் பிடித்துக்கொண்டு, ஃப்ரேம் கோணலானாலும் ஜன்னல் வெந்துபோனாலும் அந்த ஆளை விடாமல் பார்ப்பது மட்டும்தான் வேலை. இங்கே அவர் இழந்தது அழகை.

## எங்கிருந்து தொடங்கலாம்

புதிதாகப் பார்ப்பவர்கள் 'சென்ட்ரல் ஸ்டேஷன்' படத்தில் தொடங்குங்கள். முதல் தடவை கதைக்காக முழுதாகப் பாருங்கள். இரண்டாம் தடவை முதல் இருபது நிமிடத்தையும் கடைசி இருபது நிமிடத்தையும் மட்டும் சத்தமில்லாமல் ஓடவிட்டு, முகங்களை விட்டுவிட்டு முகங்களுக்குப் பின்னால் என்ன தெரிகிறது என்று மட்டும் கவனியுங்கள். அதற்கப்புறம் 'மதாம் சதான்', ஆனால் அதைப் பகலில் ஃபோனில் பார்க்காதீர்கள், அறையை இருட்டாக்கிப் பெரிய திரையில் பார்த்தால்தான் நிழலுக்குள் இருப்பது தெரியும். 'சாந்தியாகோ'வைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள். விருப்பமிருந்தால் கர்வாலியோவின் மகன் லூலா கர்வாலியோ ஒளிப்பதிவு செய்த 'த்ரோப்பா தெ எலீச்சி', 2007-இல் வந்தது, அதையும் சேர்த்துக்கொள்ளலாம்.